பழனி மலையில் வெந்த சேறு

பழனி மலைத்தொடரின் பாறைகளில் சங்கு, சிப்பி, நத்தை என எந்தக் கடலுயிரின் புதைபடிவமும் கிடையாது. கொடைக்கானலின் தூண் பாறைகள் தொடங்கி மலையின் பெரும்பகுதி சார்னோக்கைட் என்னும் பாறையாலானது. நிலமட்டத்துக்கு ஏறக்குறைய 30 கிலோமீட்டர் ஆழத்தில் வெந்து உருவாகி, பிறகு வெளியே வந்தது அது. மலைச்சாலையின் வெட்டுகளில் கறுப்பும் வெளுப்புமாக வரிகள் தெரியும் இடங்களில், கடலடியில் படிந்த அடுக்குகள் என்றே எண்ணத் தோன்றும். உண்மையில் அவை நைஸ் பாறையின் வரிகள். வெப்பமும் அழுத்தமும் கருநிறக் கனிமங்களையும் வெண்ணிறக் கனிமங்களையும் தனித்தனிப் பட்டைகளாகப் பிரித்ததால் வந்தவை. அடியில் இருப்பது மூத்தது, மேலே இருப்பது இளையது என்ற விதியை இங்கே வைத்து எதையும் கணக்கிட முடியாது. பாறை விரிசல்களில் செடிக்கிளைபோல் படரும் கறுப்புக் கோலங்களும் அப்படித்தான்: மாங்கனீசு கலந்த நீர் ஊறி விட்டுச்சென்ற படிவு அது. பெரணிப் புதைபடிவம் என்ற பெயரில் அது கைமாறும்போது கூடவே ஒரு தவறும் கைமாறுகிறது.

ஆனால் இந்த மலையில் நீருக்கடியில் படிந்த மண்ணே இல்லை என்று இதனால் முடிவுகட்டிவிடக் கூடாது. கொடைக்கானலுக்குச் சற்றுக் கீழே பெருமாள்மலையிலும், அடிவாரத்தில் கெங்குவார்பட்டியிலும் ஒரு காலத்தில் சேறாக இருந்த பாறைகள் உள்ளன. அவை 900 முதல் 1000 டிகிரி செல்சியஸ் வரையான வெப்பத்தைக் கண்டவை. உலகில் இவ்வளவு சூடேறிய மேலோட்டுப் பாறைகள் கிடைக்கும் இடங்கள் குறைவு என்பதால், நிலவியலாளர்கள் இந்த இரண்டு ஊர்களையும் நன்கு அறிவார்கள்.

இந்தப் பாறைகளில் நடந்ததை விளங்கிக்கொள்ள ஒரு செங்கல் சூளை போதும். பச்சைக்கல் வெயிலில் காயும்போது நாய் மிதித்துப்போனால், அந்தக் கால்தடம் சுட்ட செங்கல்லிலும் அப்படியே இருக்கும். சூளையின் சூடும் ஏறத்தாழ பெருமாள்மலைப் பாறை கண்ட சூடுதான். சூளையில் தப்பிய தடம் மலையில் ஏன் தப்பவில்லை? விடை காலத்திலும் பாரத்திலும் இருக்கிறது. சூளை சில நாட்களில் ஆறிவிடும். களிமண் துகள்கள் இடம்மாறிப் பெரிய படிகங்களாகச் சேர அவற்றுக்கு நேரம் போதாது. மலையடியில் அந்தச் சூடு பல லட்சம் ஆண்டுகள் நீடித்தது. மேலிருந்து 30 கிலோமீட்டர் கனப் பாறை அழுத்தியது. களிமண்ணின் அணுக்கள் பழைய கனிமங்களை விட்டு நகர்ந்து, கார்னெட், சில்லிமனைட், கார்டியரைட், கருநீல சஃபிரின் எனப் புதிய படிகங்களாக வளர்ந்தன. ஒரு பகுதி உருகியும் ஓடியது. சிப்பி ஓட்டின் நுண்வரி ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவானது. அதைத் தாங்கிய மண்ணோ சென்டிமீட்டர் அளவுப் படிகங்களாக மாறியது. எழுதுகோலின் முனை வரியைவிடப் பருமனானால் அந்த வரியை எழுத முடியாது.

உருவம் போனாலும் சரக்கு போகவில்லை. சூளையின் உதாரணம் இங்கேயும் கைகொடுக்கிறது. களிமண்ணோடு உமி கலந்து அறுத்த செங்கல்லை உடைத்தால் நடுவில் கறுத்திருப்பதைப் பார்க்கலாம். உள்ளே காற்று எட்டாததால் உமியின் கரி எரிந்துபோகாமல் தங்கிவிடுகிறது. உமியின் வடிவம் அங்கே இல்லை. உமி இருந்ததற்கான சான்று இருக்கிறது. மலைப் பாறையிலும் அப்படியே. மழையும் ஆறும் பாறையை அரிக்கும்போது சோடியமும் கால்சியமும் கரைந்து போகும், அலுமினியம் களிமண்ணில் தங்கும். எரிமலைக் குழம்பிலிருந்து நேரே இறுகிய பாறையில் இவ்வளவு அலுமினியம் சேர்வது அரிது. ஆகவே சில்லிமனைட்டும் சஃபிரினும் நிறைந்த பாறையைக் கண்டால், அதன் முன்பிறவி பெரும்பாலும் நீரடிச் சேறு என்று சொல்லலாம். விருதுநகர் மாவட்டம் ஆலங்குளத்தில் சிமென்ட்டுக்காக வெட்டிய சுண்ணாம்புக்கல்லும் இப்படி வெந்து படிகமானதே. அதிலும் சிப்பி கிடையாது.

அந்தச் சேற்றில் உயிர் இருந்ததா என்பது அடுத்த கேள்வி. இங்கே எச்சரிக்கை வேண்டும். ஒளிச்சேர்க்கை செய்யும் உயிர்கள் எடை குறைந்த கார்பன்-12ஐ அதிகம் எடுத்துக்கொள்கின்றன. இதனால் அவற்றின் உடற்கரியில் கார்பன்-13, கடல் சுண்ணாம்பில் இருப்பதைவிட ஆயிரத்துக்கு சுமார் 25 பங்கு குறைவாக இருக்கும். அந்தக் கரி வெந்து கிராஃபைட்டாக மாறினாலும் இந்த விகிதம் பெருமளவு நிற்கும். கிரீன்லாந்தின் இசுவா பகுதியில் 370 கோடி ஆண்டுப் பழமையான உருமாறிய பாறைகளில் உயிர் இருந்ததாக 1999இல் நிலவியலாளர் மினிக் ரோசிங் வாதிட்டது இந்தக் கணக்கை வைத்துத்தான். ஆனால் கிராஃபைட் கண்ணில் பட்டதுமே உயிர் என்று சொல்லிவிட முடியாது. தென்னிந்தியாவின் சார்னோக்கைட் பாறைகளில், ஆழத்திலிருந்து வந்த கரியமிலவாயு நுண்குமிழிகளாகச் சிக்கிக் கிடக்கிறது. அந்த வாயுவிலிருந்தும் கிராஃபைட் படியும். பக்கத்தில் சுண்ணாம்பு இருந்தால், கடும் சூட்டில் இரண்டும் கார்பனைப் பரிமாறிக்கொண்டு விகிதத்தையே மாற்றிவிடும். சிவகங்கையில் வெட்டப்படும் கிராஃபைட்டைப் பற்றிப் பேசினாலும் இந்த மூன்று வழிகளையும் ஒவ்வொன்றாகச் சோதித்த பிறகே எதுவும் சொல்ல வேண்டும்.

வெந்த காலத்தைச் சொல்வது சிர்கான் என்னும் சிறு மணி. அதில் சிறைப்பட்ட யுரேனியம் குறித்த வேகத்தில் ஈயமாக மாறுகிறது. பழைய மணியின் மேல் புதிய வெப்பம் புதிய ஓடு ஒன்றை வளர்க்கும். ஆகவே ஒரே மணியின் நடுவில் ஒரு வயது, விளிம்பில் இன்னொரு வயது. பழனி மலை அடங்கிய மதுரை நிலப்பகுதியில் விளிம்புகள் காட்டும் வயது ஏறத்தாழ 55 கோடி ஆண்டு. கரூர் மாவட்டம் கடவூரில் மணல் வெந்து குவார்ட்சைட் ஆன குன்றுகளுக்குள் சுமார் 83 கோடி ஆண்டுக்கு முன் எரிமலைக் குழம்பு புகுந்திருக்கிறது. அந்த மணல் அதற்கும் முந்தையது.

சார்னோக்கைட் என்ற பெயரின் வரலாற்றில் இங்கே தேவைப்படுவது ஒரு செய்திதான். கொல்கத்தா செயின்ட் ஜான்ஸ் தேவாலயத்தில் கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஜாப் சார்னோக்கின் கல்லறைக் கல் இந்த வகைப் பாறையால் ஆனது. 1893இல் நிலவியலாளர் தாமஸ் ஹாலந்து அவர் பெயரையே பாறைக்குச் சூட்டினார்.

மலையடியில் சேறு வெந்துகொண்டிருந்த அந்த 55 கோடி ஆண்டு வாக்கில்தான், உலகின் கடல்களில் டிக்கின்சோனியா போன்ற தட்டையான மெல்லுடல் உயிர்கள் வாழ்ந்தன. டிரைலோபைட்டுகள் என்னும் ஓடுடைய கடலுயிர்கள் பெருகிய கேம்பிரியன் காலம் 53.9 கோடி ஆண்டுக்கு முன் தொடங்கியது. இந்தியாவில் டிக்கின்சோனியா கிடைத்துவிட்டது என்று 2021இல் பரபரப்பாகச் செய்தி வந்தது. மத்தியப் பிரதேசத்தின் பீம்பேட்கா குகைக் கூரையில் கிரெகரி ரெட்டலாக் குழுவினர் கண்ட உருவம் அது. 2023இல் ஜோசஃப் மீர்ட் குழுவினர் அது மலைத்தேனீக் கூடு உதிர்ந்த தழும்பு என்று காட்டினர், ரெட்டலாக்கும் ஏற்றுக்கொண்டார். அந்த ஒரு தழும்பை நம்பியிருந்தால் அந்தக் குகை அமைந்த விந்தியப் பாறைகளின் வயதே பல கோடி ஆண்டு குறைந்திருக்கும். பாறையில் உருவம் தெரிவதோடு நின்றுவிடாமல், அது பாறைக்குள்ளிருந்து வந்ததா, பாறையின் மேல் ஒட்டியதா என்பதை முதலில் பார்க்க வேண்டும்.

தமிழ்நாட்டில் படித்துப் பார்க்கத்தக்க கடலடுக்கு இருப்பது அரியலூர், பெரம்பலூர் மாவட்டங்களில். 1862இல் நிலவியலாளர் ஹென்றி பிளான்ஃபோர்டு அதை ஊத்தத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர் என மூன்று தொகுதிகளாகப் பிரித்து வெளியிட்டார். காரை ஊரின் களிமண் மேடுகளில் அம்மோனைட், பெலம்னைட் என்னும் அழிந்துபோன கடலுயிர்களின் படிவங்கள் கிடக்கின்றன. கல்லங்குறிச்சிச் சுண்ணாம்புக்கல்லில் தடித்த சிப்பிகள் குவிந்திருக்கின்றன. இவற்றுக்கு மேலுள்ள நின்னியூர் அடுக்கில் அம்மோனைட்டுகள் மறைந்துவிடுகின்றன. டைனோசர்களோடு அவையும் அழிந்த 6.6 கோடி ஆண்டு எல்லை அதற்குச் சற்றுக் கீழே இருக்கிறது. இவை வேகாத அடுக்குகள், ஆகவே இங்கே மூத்தது கீழே, இளையது மேலே என்பது செல்லும்.

இந்தக் கடலடுக்கின் மேற்கு விளிம்பில் பழைய நைஸ், சார்னோக்கைட் பாறைகள் அடித்தளமாக நிற்கின்றன. அவற்றின் உருண்டைக் கற்களே அடுக்கின் தொடக்கத்தில் கிடக்கின்றன. கடல் உள்ளே வரும்போது வெந்த பாறை ஏற்கெனவே நிலத்துக்கு மேல் வந்துவிட்டது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை. 30 கிலோமீட்டர் மேல்மூடி அகல, பாறை வெந்த 55 கோடி ஆண்டுக்கும் கடல் உள்ளே வந்த 11 கோடி ஆண்டுக்கும் இடைப்பட்ட காலம் பயன்பட்டிருக்கிறது. அந்த இடைவெளிக்கான கடலடுக்கு அங்கே இல்லை. உயிர்கள் ஓடுகளும் கால்களும் பெற்றுக் கடலில் பெருகிய காலம் முழுவதும் அதில் அடங்கும். அந்தக் காலத்து டிரைலோபைட்டுகளை இந்தியாவில் தேடுவோர் இமாச்சலப் பிரதேசத்தின் ஸ்பிட்டிக்கு, பராகியோ பள்ளத்தாக்குக்குப் போகிறார்கள்.