மாமல்லைப் பாறைச் சிற்பத்தில் விலங்குகள்

மாமல்லபுரத்துப் பெரும்பாறைச் சிற்பம் பற்றி அறிஞரிடையே நிகழ்ந்துவரும் வாதம் அனைவரும் அறிந்ததே. பாசுபதம் வேண்டி அருச்சுனன் தவம் செய்த காட்சி என்பர் ஒரு சாரார்; 1914ஆம் ஆண்டில் கோலுபியூ எழுதிய கட்டுரையைத் தழுவி, பகீரதன் பொருட்டுக் கங்கை இறங்கிய காட்சி என்பர் மற்றொரு சாரார். அவ்வழக்கைத் தீர்ப்பது ஈண்டு எம் நோக்கமன்று. தவசி யாவன் என்னும் வினாவிலேயே ஆராய்ச்சி நின்றுவிட்டமையால், விலங்குகள் வெறும் அணியாகவே கொள்ளப்பட்டன. இது சிற்பியின் கருத்தாகாது என்பது எம் துணிபு.

முதற்கண் அளவினை நோக்குவாம். பாறையின் வலப்பாகத்தே நிற்கும் களிறு ஏறத்தாழ உயிர்யானையின் அளவினது. வரமருளும் சிவபெருமானின் உருவமும் அதனினும் சிறிதே. களிற்றின் பின்னே பிடி வருகின்றது. அடியிற் கன்றுகள் உள்ளன. தேவரும் கின்னரரும் நடுப்பிளவை நோக்கி விரைய, இக்கன்றுகளோ தம் போக்கில் இருக்கின்றன. இடப்பாகத்தே முனிவர் உறையும் இடத்தில் ஒரு மான் பின்னங்காலால் தன் மூக்கைச் சொறிந்துகொள்கின்றது. அருளுக்குரிய அப்பெருங்கணத்திலும் மான் மானாகவே உள்ளது. காட்டிற் கண்டறியாதான் ஒருவன் இதனைச் செதுக்கியிருத்தல் அரிது.

இனி, களிற்றின் கொம்பருகே நிற்கும் பூனை. அது பின்னங்கால்களில் நிமிர்ந்து, முன்னங்கால்களைத் தலைக்குமேல் உயர்த்தித் தவம் புரிகின்றது, எலிகள் சூழ்ந்துள்ளன. பிளவின் மறுபுறத்தே கைகளை உயர்த்தி ஒற்றைக்காலில் நிற்கும் தவசியின் நிலையை இது நினைவூட்டுதல் வெளிப்படை. கங்கைக்கரையிற் பொய்த்தவம் பூண்டு எலிகளை உண்ட பூனையின் கதை பாரதத்து உத்தியோக பருவத்தில் உள்ளது. துரியோதனன் தருமனைப் பழித்துச் சொல்லியனுப்பிய கதை அது என்பதையும் மறத்தலாகாது. ஆகவே அக்கதை கொண்டு மட்டும் பூனையைக் கள்வன் என்று தீர்த்தல் பொருந்துமா? தவத்தின் ஆற்றலாற் பகை ஒழிந்தமையைக் காட்டுவது என்பாரும் உளர். பூனை உண்ணும் காட்சியைச் சிற்பி அமைக்கவில்லை. அவ்வளவில் இருபொருளுக்கும் இடமுண்டு.

எமக்குத் தோன்றுவது வேறொன்று. நாகரும் கின்னரரும் இயல்பிலேயே பாதி மனிதவுருவினர். அவரை விடுத்துப் பார்த்தால், மனிதச் செயலை மேற்கொண்டன பூனையும் அதனைச் சூழ்ந்த எலிகளுமே. யானையையும் மானையும் நாம் ஐயுறுவதில்லை. விலங்கு மனிதனைப் போல் நிற்குமிடத்தேதான் இது மெய்யோ பொய்யோ என்னும் ஐயம் பிறக்கின்றது. அவ்வையம் பூனையோடு நில்லாது, எதிரே நிற்கும் தவசியையும் சென்று பற்றுகின்றது. ‘நகைச்சுவை’ என்று ஒரு சொல்லால் இதனைக் கடந்துவிடுதல் ஆராய்ச்சியாகாது.

அணித்தே உள்ள கிருட்டின மண்டபத்துச் சிற்பத்தையும் உடன்வைத்து நோக்குதல் வேண்டும். (தூண்மண்டபம் பிற்காலத்தது, பாறைச்சிற்பம் பல்லவர் காலத்தது.) கோவர்த்தன மலையின் நிழலில் ஆயன் பால் கறக்கின்றான், பசு அவனைப் பொருட்படுத்தாது கன்றை நக்குகின்றது. மனிதனும் விலங்கும் ஒன்றையொன்று சார்ந்து வாழும் இக்காட்சியில் எவரும் எவரையும் போன்று நடிக்கவில்லை. இரண்டையும் ஒருவர் கையே செதுக்கிற்று எனத் துணிதற்குச் சான்றில்லை. அடுத்துள்ள பூஞ்சேரியிற் பாறைமீது தச்சர் பெயர்கள் சில பொறிக்கப்பெற்றுள்ளன. எனினும் அவற்றுள் எப்பெயர் இப்பூனைக்கு உரியது என்று கூறுதல் இயலாது.