விபத்தில் காயமுற்றோர் எங்கே முறையிடலாம்?

திருவனந்தபுரத்தில் வாழும் தமிழர் ஒருவர், நாகர்கோவில் செல்லும் வழியில், களியக்காவிளைக்கு அப்பால் கார் மோதிக் கால் முறிந்தார் என வைத்துக்கொள்வோம். எல்லை கடந்து கோர்ட்டுக்கு அலைய வேண்டுமே என்றஞ்சி, வண்டிக்காரர் கையில் திணிக்கும் தொகையோடு அமைந்துவிடுவோர் நம்மிடையே உண்டு.

அவ்வச்சம் வேண்டா. 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 166ஆம் பிரிவு, விபத்து நேர்ந்த இடத்தில் மட்டுமன்றி, காயமுற்றவர் வசிக்கும் இடத்திலுள்ள தீர்ப்பாயத்திலும் முறையிட இடமளிக்கிறது. ஆகவே அவர் திருவனந்தபுரத்திலேயே மனுச் செய்யலாம். நாம் நட்டஈடு என்பதை அங்கே நஷ்டபரிகாரம் என்பர், சொல்தான் வேறு.

மருத்துவச் செலவு மட்டுமே கிடைக்கும் என எண்ணுவது தவறு. படுக்கையில் கிடந்த நாள்களின் கூலியும், பட்ட வேதனையும், இனி உழைக்க இயலாமற்போன அளவும் கணக்கிற் சேரும். ஆதலின் போலீஸ் அறிக்கையின் நகல், ஆஸ்பத்திரிச் சீட்டுகள், சம்பளச் சான்று, வசிப்பிடச் சான்று ஆகியவற்றைப் பத்திரப்படுத்துக. 2022 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த திருத்தம் ஆறு மாதக் காலவரம்பை விதித்தமையால், தாமதம் தகாது.

மோதிய வண்டி இன்னதென்றே தெரியாவிடில்? அதற்கும் தனித் திட்டமுண்டு. கொடுங்காயத்துக்கு 50,000 ரூபாய்.