சிறிய கடற்படைக்கு ஒரு ரோந்துக் கப்பல்

சங்கரன்கோவில் போன்ற கரிசல் நிலத்து ஊர்களில் வாழ்வோருக்குக் கடல் என்பது எட்டத்தில் இருக்கும் ஒன்று. ஆனால், நம் ஊர்ப் பெட்ரோல் நிலையத்துக்கு வரும் எரிபொருளின் மூலமான கச்சா எண்ணெயில் பெரும்பகுதி கடல் கடந்துதான் வருகிறது. இலங்கையின் தென்முனையை ஒட்டிச் செல்லும் கடல்வழி, உலகில் கப்பல் போக்குவரத்து மிகுந்த பாதைகளுள் ஒன்று. அந்தப் பாதையைக் கண்காணிக்கும் பொறுப்பில் கணிசமான பங்கு ஒரு சிறிய நாட்டின் கடற்படைக்கு உரியது.

இலங்கையின் நிலப்பரப்பு ஏறத்தாழ 65,600 சதுர கிலோமீட்டர். அதன் தனியுரிமைப் பொருளாதாரக் கடற்பரப்போ அதைப்போல ஏறத்தாழ எட்டு மடங்கு. இவ்வளவு பெரிய பரப்பைக் காக்க விலை உயர்ந்த போர்க்கப்பல்களை வாங்கிக் குவிக்க எந்தச் சிறிய நாட்டாலும் இயலாது. அதற்கெனத் தோன்றிய வகைதான் ஆழ்கடல் ரோந்துக் கப்பல். இதில் ஆயுதங்கள் குறைவு. ஏவுகணைகள் பெரும்பாலும் இரா. மாறாக, எரிபொருள் நிரப்பாமல் பல நாள்கள் கடலில் நிற்கும் ஆற்றல், ஹெலிகாப்டர் இறங்கும் தளம், விரைவுப் படகுகள், தீயணைப்புக் கருவிகள் ஆகியவையே இதன் வலிமை.

இலங்கைக் கடற்படை இத்தகைய கப்பல்களை நெடுங்காலம் பிற நாடுகள் பயன்படுத்திய பிறகே பெற்று வந்தது. விசாகப்பட்டினம் ஹிந்துஸ்தான் கப்பல் கட்டும் தளத்தில் உருவாகி இந்தியக் கடற்படையில் பணியாற்றிய 'சரயூ' கப்பல், 2000 டிசம்பரில் 'சயுர' என்ற பெயரில் இலங்கைக்குக் கைமாறியது. இந்தியக் கடலோரக் காவல்படையின் பழைய 'வராஹா'வும் பின்னர் 'சாகர' ஆயிற்று. அமெரிக்காவும் தன் கடலோரக் காவல்படை பயன்படுத்திய கப்பல்களை அளித்தது.

பழைய கப்பலைப் பெறுவதில் ஒரு சிக்கல் உண்டு. விலை குறைவாகவோ இலவசமாகவோ கிடைத்தாலும், உதிரி பாகங்களுக்கும் பழுது நீக்கலுக்கும் தந்தவரையே எதிர்பார்த்திருக்க வேண்டும். வெவ்வேறு நாடுகளிலிருந்து பெற்றால், ஒவ்வோர் இயந்திரத்துக்கும் தனித்தனிப் பயிற்சி தேவைப்படும்.

இந்த நிலையில், 2014-இல் கோவா கப்பல் கட்டும் தளத்துடன் இலங்கை செய்துகொண்ட ஒப்பந்தம் ஒரு திருப்புமுனை. தனக்கென்றே இரண்டு புதிய ரோந்துக் கப்பல்களைக் கட்டித் தருமாறு இலங்கை கோரியது. 'சயுரல' 2017 ஆகஸ்டிலும், 'சிந்துரல' 2018 ஏப்ரலிலும் பணியில் சேர்ந்தன. 105 மீட்டருக்கும் மேற்பட்ட நீளமும் 2,300 டன்னுக்கு மேற்பட்ட எடையும் கொண்டவை இவை.

ஒரு கப்பல் உருவாவது நீண்ட பணி. முதலில் எஃகுத் தகடுகள் வெட்டப்படுகின்றன. அவை பெரும் பகுதிகளாகத் தனித்தனியே பற்றவைக்கப்பட்டு, பின்னர் ஒன்றோடொன்று இணைக்கப்படுகின்றன. கப்பலைக் கடலில் இறக்கியதும் வேலை முடிந்துவிட்டதாக வெளியே இருப்போர் கருதுவர். உண்மையில் இயந்திரங்களையும் மின்வடங்களையும் பொருத்தி முடிப்பதும், ரேடார், தகவல் தொடர்புக் கருவிகளை இயங்கச் செய்வதும் பெரும்பாலும் அதன் பிறகே நடைபெறும். கடலோட்டச் சோதனையில் வேகமும் நிலைத்தன்மையும் உறுதிசெய்யப்பட்ட பிறகே கப்பல் ஒப்படைக்கப்படும்.

இத்தகைய கப்பல்களின் தேவையை இரு விபத்துகள் உணர்த்தின. 2020 செப்டம்பரில், குவைத்திலிருந்து ஒடிஸாவின் பாராதீப் துறைமுகத்துக்கு ஏறத்தாழ 2.7 லட்சம் டன் கச்சா எண்ணெயுடன் வந்த 'நியூ டைமண்ட்' கப்பல், இலங்கையின் கிழக்குக் கரைக்கு அப்பால் தீப்பற்றியது. இரு நாட்டுக் கப்பல்களும் இணைந்து போராடித் தீயை அணைத்தன. அந்த எண்ணெய் கடலில் கலந்திருந்தால், பாதிப்பு ஒரு நாட்டோடு நின்றிருக்காது.

2021 மே மாதம் கொழும்புக்கு அருகே 'எக்ஸ்-பிரஸ் பேர்ல்' சரக்குக் கப்பல் எரிந்தபோது, உதவிக்கு விரைந்த இந்தியக் கப்பல்களுள் ஒன்று 'வஜ்ரா'. சென்னைக்கு வடக்கே காட்டுப்பள்ளியில் எல் அண்ட் டி நிறுவனம் கட்டிய ஏழு ரோந்துக் கப்பல்களுள் ஒன்றான அது, பணியில் சேர்ந்து இரண்டு மாதங்களே ஆகியிருந்தன. அதே தளத்தில் வியத்நாமுக்கான அதிவேகக் காவல் படகுகளும் கட்டப்பட்டன. மொத்தம் 12 படகுகளில் ஐந்து காட்டுப்பள்ளியிலும், எஞ்சிய ஏழு வியத்நாமிலேயே அந்நாட்டுத் தொழிலாளர்களாலும் உருவாயின.

இந்த முறையே நமக்கு வழிகாட்ட வேண்டும். 1906-இல் தூத்துக்குடியில் சுதேசிக் கப்பல் கம்பெனியைத் தொடங்கிய வ.உ.சிதம்பரனார், முதலில் வாடகைக் கப்பலையே நம்பினார். ஆங்கிலேயரின் நெருக்கடியால் அந்தக் கப்பல் திரும்பப் பெறப்பட்டபோதுதான், சொந்தக் கப்பல் இல்லாதவரின் நிலை விளங்கியது. பிறரை அண்டியிருப்பதன் வலியை அறிந்த மண் இது. சிறிய நாடுகளுக்குக் கப்பலை விற்பதோடு நில்லாமல், பழுது நீக்கும் திறனையும் தொழில்நுட்பத்தையும் பகிர்வதே நல்லுறவுக்கு அழகு.

தமிழக வாசகருக்கு இங்கு ஒரு கேள்வி எழுவது இயல்பு. நம் மீனவர்களைக் கைது செய்யும் கடற்படைக்கு நாமே கப்பல் கட்டித் தரலாமா என்பதே அது. ஆழம் குறைந்த பாக் நீரிணையில் நாள்தோறும் சுற்றுபவை பெரும்பாலும் சிறிய அதிவேகப் படகுகளே. 'சயுரல' போன்றவை ஆழ்கடலுக்கானவை. எனினும், இந்த விளக்கம் மட்டும் மீனவர் குடும்பங்களுக்கு ஆறுதல் தராது. 2024-இல் நடுக்கடலில் நேர்ந்த சம்பவங்களில் இலங்கைக் கடற்படை வீரர் ஒருவரும் தமிழக மீனவர் ஒருவரும் உயிரிழந்தனர். இழுவைமடி மீன்பிடிப்பு, எல்லை, வடஇலங்கைத் தமிழ் மீனவர்களின் வாழ்வாதாரம் ஆகியவை பின்னிக்கிடக்கும் இந்தச் சிக்கலைத் தீர்க்க, பேச்சுவார்த்தை மேசையே வேண்டும்.

கப்பல் கட்டித் தரும் நாட்டின் சொல்லுக்கு மதிப்பு உண்டு. எரியும் கப்பலை அணைக்க ஒன்றுசேர முடிந்த இரு அரசுகளால், மீனவர்களின் உயிரைக் காக்கவும் ஒன்றுசேர முடியும். அந்த மதிப்பைப் பயன்படுத்தி, கைது நடவடிக்கைகளில் மனிதநேயமும், மீனவர் அமைப்புகளிடையே தொடர் பேச்சும் நிகழ இந்தியா வலியுறுத்த வேண்டும். அப்போதுதான் இங்கே வெட்டப்படும் எஃகு, இரு கரையினருக்கும் காவலாகும்.