வெளியூர்க்காரர்கள் வென்ற கதை

நாக்பூரில் பிறந்த என் மகன் எட்டு வயதில் கோடை விடுமுறைக்கு எங்கள் கிராமத்துக்கு வந்திருந்தான். தெருப் பிள்ளைகளோடு கபடி ஆடப் போனவன் சற்று நேரத்தில் முகம் வாடித் திரும்பினான். "நான் நாக்பூர்க்காரனாம், சேத்துக்க மாட்டாங்களாம்" என்றான். இங்கேயோ அவன் 'மதராசி'. "அப்பா, அப்ப நாம எந்த ஊரு?" என்று கேட்டவனுக்கு என்னிடம் பதில் இல்லை.

அவன் இப்போது டப்ளினில் வேலை பார்க்கிறான். அவனைப் பார்க்கப் போயிருந்தபோது குரோக் பார்க் மைதானத்துக்கு அழைத்துப் போனான். ஹர்லிங் என்ற விளையாட்டைப் பற்றி அங்கேதான் அறிந்துகொண்டேன்.

ஹர்லிங் அயர்லாந்தின் பழைமையான மட்டைப் பந்தாட்டம். மட்டை ஆஷ் மரத்தில் செய்வது. பந்து தோல் போர்த்தியது. பந்தைத் தரையிலும் அடிக்கலாம், அந்தரத்திலும் அடிக்கலாம். குறுக்குக் கம்பத்துக்கு மேலே போனால் ஒரு புள்ளி. கீழே வலைக்குள் போனால் கோல், அதற்கு மூன்று புள்ளி. 1884-இல் தர்லஸ் என்ற ஊரில் கேலிக் விளையாட்டுச் சங்கம் தோன்றியது. 1887 முதல் அகில அயர்லாந்துப் போட்டி நடக்கிறது.

அந்நாளில் பிழைப்புக்காக லண்டன் சென்ற ஐரிஷ்காரர்கள் ஏராளம். அங்கேயும் சங்கம் வைத்து, ஓய்வு நேரத்தில் மட்டையைத் தூக்கினார்கள். 1900 முதல் 1903 வரையிலான நான்கு பருவங்களில் ஓர் ஏற்பாடு இருந்தது. தாயகத்தில் வென்ற அணி, இறுதியாட்டத்தில் லண்டன் அணியைச் சந்திக்க வேண்டும்.

1900-ஆம் பருவத்தில் லண்டன் அணி டிப்பரரியிடம் தோற்றது. 1901-ஆம் பருவத்தின் ஆட்டங்கள் தாமதமாகி, இறுதியாட்டம் 1903 ஆகஸ்ட் 2, ஞாயிறன்று டப்ளின் ஜோன்ஸ் சாலை மைதானத்தில் நடந்தது. பின்னாளில் குரோக் பார்க் ஆனது அதே மைதானம்தான். எதிரே வெக்ஸ்ஃபோர்டை வென்று வந்த கார்க் அணி. ஹர்லிங்கில் பேர்பெற்ற மாவட்டம். கப்பலேறி வந்த லண்டன்காரர்கள் ஜெயிப்பார்கள் என்று யார் நினைத்திருப்பார்கள்? ஆனால் ஜெயித்தார்கள்! லண்டன் ஒரு கோல், ஐந்து புள்ளி; கார்க் நான்கே புள்ளி. மொத்தத்தில் எட்டுக்கு நான்கு.

அடுத்த இரு பருவங்களிலும் கார்க் லண்டனைத் தோற்கடித்துவிட்டது. அயர்லாந்துக்கு வெளியிலிருந்து வந்த ஓர் அணி இப்பட்டத்தை வென்றது அந்த ஒரே முறைதான்.

கதை அத்தோடு முடியவில்லை. இன்றும் வெற்றி பெறும் அணித்தலைவர் உயர்த்திக் காட்டுவது லியாம் மெக்கார்த்தி கோப்பை. 1921-ஆம் பருவத்துக்காக முதன்முதலில் லிமரிக் அணிக்கு, 1923-இல் வழங்கப்பட்டது. அதைக் கொடையளித்த மெக்கார்த்தி, கார்க்கிலிருந்து குடிபெயர்ந்தவரின் மகன். லண்டனிலேயே பிறந்து, அங்குள்ள சங்கத்தைத் தலைமையேற்று நடத்தியவர்.

"பாத்தீங்களாப்பா, இவங்க கோப்பையைக் கொடுத்தவரே வெளியூர்க்காரர்தான்" என்றான் மகன் சிரித்துக்கொண்டே. கபடியை அவன் மறக்கவில்லை என்று புரிந்தது.

பொங்கல் விழாவில் பிள்ளைகளுக்குக் கபடி வைக்கலாமா என்று சங்கத்தில் பேச்சு வரும்போதெல்லாம், "யார் வருவார்கள்?" என்று தட்டிக் கழித்தவர்களில் நானும் ஒருவன். இந்த முறை கோடு போட நானே சுண்ணாம்பு வாங்கி வைத்துவிட்டேன். உங்கள் பிள்ளைகளை அனுப்பி வையுங்கள். எந்த ஊர் என்று யாரும் கேட்கமாட்டோம்.