'மன உளைச்சல்' என்றொரு சொல்: டோப்ளின், கக்கர், ஆரணி

1

அந்த நாலு வரிச் செய்தியை நீங்களும் படித்திருப்பீர்கள். 'கடன் தொல்லையால் மன உளைச்சலில் இருந்த நெசவாளி' என்று தொடங்கும். சில நாள் 'மனமுடைந்து' என்று இருக்கும், சில நாள் 'வாழ்க்கையில் வெறுப்படைந்து'. ஊர், வயது, 'போலீசார் வழக்குப் பதிவு செய்து விசாரித்து வருகின்றனர்'. அவ்வளவுதான். ஆரணி மாதிரி தறிச்சத்தத்தில் விடியும் ஊர்களில் இருப்பவர்களுக்கு இந்த வாக்கியங்கள் மனப்பாடம்.

இந்தச் சொற்கள் எதையும் விளக்குவதில்லை. கேள்வியை மூடுவதுதான் இவற்றின் வேலை. 'கடன் தொல்லை' என்று எழுதிவிட்டால் யாரிடம் பட்ட கடன், எந்த நிபந்தனையில் பட்ட கடன் என்று கேட்க வேண்டியதில்லை. 'மன உளைச்சல்' என்று எழுதிவிட்டால் அந்த மனசுக்குள் என்ன நடந்தது என்று கேட்க வேண்டியதில்லை. ஒன்று புறத்தை மூடுகிறது, இன்னொன்று அகத்தை.

சரி, பத்திரிகைக்காரன் அப்படித்தான், நாம் யோக்கியமா? நம்மிடமும் ஒரு பாகப்பிரிவினை இருக்கிறது. இயக்கத் தோழர்கள் உண்மை அறியும் குழுவாகப் போய்க் கூலி விகிதம், நூல் விலை, வட்டி, சட்டப்பிரிவு எல்லாம் எழுதிக்கொண்டு வருவார்கள். அறிக்கை சரியாகவே இருக்கும். ஆனால் அதில் செத்தவர் ஒரு எண்ணாக மட்டும் இருப்பார். 'மனம்' என்று யாராவது வாயைத் திறந்தால் அது நடுத்தர வர்க்கச் சமாச்சாரம். இந்தப் பக்கம் படைப்பாளிகளோ அகத்தைக் குத்தகைக்கு எடுத்துக்கொண்டு, தறியும் கடனும் இல்லாத ஒரு வெளியில் நனவோடை ஓட்டிக்கொண்டிருப்பார்கள். புறம் கட்சிக்கு, அகம் இலக்கியத்துக்கு. இந்தப் பாகப்பிரிவினையை ஏற்காத சிலரைப் பற்றிப் பேசத்தான் இந்தக் கட்டுரை. உளவியலோ உளமருத்துவமோ பயின்று, புனைவும் எழுதி, நெருக்கடியின் நடுவே போய்நின்று சாட்சியமும் எழுதியவர்கள். எல்லோரும் இரண்டையும் செய்தவர்கள் இல்லை. ஆனால் எல்லோரிடமும் நாம் கடன் வாங்க வேண்டிய ஒன்று இருக்கிறது: கேட்கிற காது.

2

முதலில் ஒரு ஜெர்மானியர். ஆல்ஃபிரெட் டோப்ளின் (1878-1957). 'பெர்லின் அலெக்சாண்டர்பிளாட்ஸ்' (1929) நாவலை எழுதியவர் என்று நம்மில் பலருக்குத் தெரியும். தொழிலால் அவர் மருத்துவர். ஞாபகச் சிதைவு பற்றி ஆய்வேடு எழுதி 1905இல் பட்டம் பெற்றார், மனநோய் விடுதியில் வேலை பார்த்தார், பிறகு பெர்லினின் தொழிலாளர் பகுதியில் நரம்பு மருத்துவராக இருந்தார். 1933இல் நாஜிகள் ஆட்சிக்கு வந்ததும், யூதராகவும் இடதுசாரியாகவும் இருந்த அவர் நாட்டைவிட்டு ஓட வேண்டியிருந்தது.

1913இல் நாவலாசிரியர்களை நோக்கி அவர் ஒரு அறிக்கை எழுதினார். அதன் சாரம் இதுதான்: பாத்திரத்தின் செயலுக்குப் பின்னால் கோபம், காதல், பொறாமை என்று காரணச் சீட்டு ஒட்டுவதை விடுங்கள். உளமருத்துவத்திடம் கற்றுக்கொள்ளுங்கள். அது நடந்ததைக் குறித்துக்கொள்கிறது, 'ஏன்' என்று கேட்டால் தோளைக் குலுக்குகிறது. கவனியுங்கள், மனசைப் பற்றி நன்றாகத் தெரிந்தவர்தான் மனசைக்கொண்டு விளக்காதே என்கிறார். நமக்கு இது தலைகீழாகப் படலாம். ஆனால் 'மன உளைச்சல்' என்று எழுதும் பத்திரிகைச் செய்தி செய்வது அவர் கண்டித்த அதே காரியத்தைத்தானே?

1924இல் அவரே இதைச் சோதித்துப் பார்த்தார். பெர்லினில் இளம்பெண் ஒருத்தி தன்னை அடித்து வதைத்த கணவனுக்கு விஷம் வைத்துக் கொன்றாள். அவளுடைய தோழியும் வழக்கில் சேர்க்கப்பட்டாள். 1923இல் விசாரணை நடந்தது. ஜெர்மனியில் பணவீக்கம் தலைவிரித்தாடிய வருஷம் அது. டோப்ளின் இதை ஒரு சிறு நூலாக எழுதினார். குற்ற நிருபரின் பரபரப்பு அதில் இல்லை. ஆனால் கடைசியில், தான் நேர்த்தியாகக் கோத்துத் தந்த காரண காரியச் சங்கிலியையே சந்தேகிக்கிறார். இவ்வளவு ஒழுங்காகக் கதை வருகிறதென்றால் எங்கேயோ நான் இட்டுக்கட்டியிருக்கிறேன் என்பது மாதிரியான சந்தேகம். தன் கதையாடலைத் தானே விசாரணைக் கூண்டில் ஏற்றுவது என்பது இதுதான்.

3

நம் நாட்டுக்கு வருவோம். சுதிர் கக்கர் (1938-2024). இயந்திரப் பொறியியல் படித்து, ஜெர்மனியில் வணிகப் படிப்பு முடித்து, வியன்னாவில் பொருளாதார முனைவர் பட்டம் வாங்கியவர். காந்தியைப் பற்றி எழுத வந்த எரிக் எரிக்சனை 1964இல் அகமதாபாத்தில் சந்தித்ததுதான் திருப்பம். 1970களின் முதல் பாதியில் பிராங்பர்ட்டில் உளப்பகுப்பாய்வுப் பயிற்சி பெற்று தில்லி திரும்பினார். 1978இல் வந்த 'தி இன்னர் வேர்ல்ட்' அவருக்குப் பெயர் வாங்கித் தந்தது. அறுபதை நெருங்கும் வயதில்தான் நாவலுக்கு வந்தார்.

அந்த நாவல்களில் ஒரு விஷயம் திரும்பத் திரும்ப வருகிறது: கேட்பவன். 'தி அசெட்டிக் ஆஃப் டிசையர்' (1998) வாத்ஸ்யாயனரின் வாழ்க்கை. இளம் மாணவன் ஒருவன் ஆசிரமத்துக்குப் போய் உட்கார்ந்து, கிழவர் சொல்லச் சொல்ல அந்த வாழ்க்கையைக் கேட்கிறான். 'மீரா அண்ட் தி மகாத்மா' (2004) காந்தியையும் மேடலின் ஸ்லேடையும் பற்றியது. அதைச் சொல்பவர் மேடலினுக்கு இந்தி கற்றுத் தந்த ஆசிரியர். 'தி கிரிம்சன் த்ரோன்' (2010) ஷாஜஹானின் மகன்களுக்குள் நடந்த வாரிசுப் போரை மனூச்சி, பெர்னியே என்ற இரண்டு வெளிநாட்டுக்காரர்களின் வாயால் சொல்கிறது. இரண்டு பேரும் வைத்தியம் பார்த்தவர்கள், இரண்டு பேர் சொல்வதும் ஒன்றாக இருப்பதில்லை. சிகிச்சை அறையில் ஒருவர் பேச ஒருவர் கேட்கிற அமைப்பே நாவலின் வடிவமாகிவிடுகிறது. பேசப்படுவது முழு உண்மை அல்ல, இன்னொருவருக்குச் சொல்லப்பட்டது என்கிற ஞாபகம் வாசகரை விடுவதில்லை.

இந்தக் காது கலவரத்துக்குள் போனால்? 1990 டிசம்பரில் ஹைதராபாத்தில் நடந்த இந்து முஸ்லிம் கலவரத்தைப் பற்றி அவர் எழுதியதுதான் 'தி கலர்ஸ் ஆஃப் வயலன்ஸ்'. 1990களின் நடுவில் வெளிவந்தது. அதில் அவர் தன்னை வெளியே நிறுத்திக்கொள்வதில்லை. 1947இல் ரோத்தக்கில் சிறுவனாக இருந்தபோது, மேற்குப் பஞ்சாபிலிருந்து தப்பிவந்த உறவினர்கள் வீட்டில் சொன்ன கதைகள் தன் மனசில் எப்படி உட்கார்ந்தன என்பதிலிருந்து தொடங்குகிறார். பாலில் விஷம், தண்ணீரில் விஷம் என்று பரவும் வதந்தியைப் 'பொய்' என்று ஒதுக்கிவிடாமல், அது ஏன் எப்போதும் பாலாகவும் தண்ணீராகவும் இருக்கிறது என்று கேட்கிறார். நம்மை முதன்முதலில் வளர்த்த பொருளே நம்மைக் கொல்லும் என்கிற குழந்தைப்பருவத்து அச்சத்தை அந்த வதந்தி தொட்டு எழுப்புகிறது என்பது அவர் வாசிப்பு.

பழைய நகரத்து 'பஹல்வான்'களிடமும் போய் உட்காருகிறார். நம்மூரில் 'பயில்வான்' என்போமே, அந்தச் சொல்தான். கலவரத்தில் கத்தி எடுத்தவர்கள் என்று பேர்பெற்றவர்கள். அவர்களை அரக்கர்களாக்காமல் பேசவிடுகிறார். சாதாரண ஜனங்களிடமும் கேட்கிறார்: கலவர நேரத்தில் எது தப்பு, எது தப்பில்லை? வீடு எரிப்பதையும் கொள்ளையடிப்பதையும் சகித்துக்கொள்ளும் மனம், பெண்களைக் கொல்வதையும் வல்லுறவையும் ஏற்பதில்லை. இரண்டு சமூகத்தாரிடமும் இந்தக் கோடு இருக்கிறது. கலவரம் என்றால் ஒழுக்கம் மொத்தமாகச் செத்துவிடுகிறது என்று மேடையில் பேசுகிறோமே, அது தவறு என்று இதனால் தெரிகிறது. ஒழுக்கம் சாவதில்லை, இடம் மாறுகிறது. எந்த உண்மை அறியும் குழு அறிக்கையிலும் இதை நான் படித்ததில்லை.

4

ஆனால் கக்கரை அப்படியே தூக்கிவைத்துக்கொள்ள முடியாது. அந்த பஹல்வான்களின் பிழைப்பே நில விவகாரம்தான்: ஆள் வைத்துக் காலி செய்வது, ஆக்கிரமிப்பது, பஞ்சாயத்து பேசுவது. நூலில் அது வருகிறது. ஆனால் அவருடைய அக்கறை அதன்மேல் நிற்பதில்லை, உடனே ஆளுமைக்கும் குழு அடையாளத்துக்கும் நகர்ந்துவிடுகிறது. முதலமைச்சரைக் கவிழ்க்க ஆளும் காங்கிரசுக்குள் நடந்த சண்டைக்கும் இந்தக் கலவரத்துக்கும் தொடர்பு உண்டு என்று அன்றே பரவலாகக் குற்றம் சாட்டப்பட்டது. அஸ்கர் அலி எஞ்சினியர் போன்றவர்கள் ஊர் ஊராகப் போய்க் கலவரங்களின் அரசியல் பொருளாதாரக் கணக்கை எழுதினார்கள். அந்தக் கணக்கைக் கக்கர் மறுக்கவில்லை, ஆனால் பின்னால் தள்ளிவிடுகிறார். இன்னொன்று: அவர் 'இந்திய மனம்' என்று எழுதும்போது அதன் உடம்பு பெரும்பாலும் வட இந்திய மேல்சாதி இந்து ஆணின் உடம்பாக இருக்கிறது. சேரியிலும் தறிமேட்டிலும் வளர்ந்த குழந்தைக்கு அந்தத் தாய்மடி அப்படியே பொருந்துமா?

இந்த இடத்தில் யாழ்ப்பாணத்து உளமருத்துவர் தயா சோமசுந்தரத்தைப் படிப்பது உதவும். இவர் நாவலாசிரியர் இல்லை. 1990இல் வெளிவந்த 'முறிந்த பனை' நூலின் நான்கு ஆசிரியர்களில் ஒருவர். இன்னொரு ஆசிரியரான ரஜனி திராணகம நூல் வெளிவருவதற்கு முன்பே, 1989 செப்டம்பர் 21இல் சுட்டுக் கொல்லப்பட்டார். சாட்சியம் எழுதுவதன் விலை அது. சோமசுந்தரம் 1998இல் போரின் உளவியல் பாதிப்புகளைத் தனி நூலாக எழுதினார். அவரிடம் வந்தவர்கள் 'எனக்கு மனநோய்' என்று சொல்லி வரவில்லை. தலையிடி, நெஞ்சுநோ, பெருமூச்சு என்று வந்தார்கள். 'பெருமூச்சு' என்கிற அந்தத் தமிழ்ச்சொல்லையே அவர் எடுத்து வைத்துக்கொண்டார். தனி ஆளின் நோயாக மட்டும் பார்த்தால் போதாது, குடும்பமும் ஊரும் சேர்ந்தே காயப்படுகின்றன என்று சொன்னார். ஒருவரையொருவர் நம்பாமை, வாய்திறவாமை, கையேந்திப் பழகிவிடுதல் எல்லாம் அந்தக் கூட்டுக் காயத்தின் அடையாளங்கள். மனசைப் பார்க்கிற வேலை இங்கே மண்டையோட்டுக்குள் அடைபடவில்லை. அரசையும் ஆயுதக் குழுக்களையும் பேசாமல் அந்த நோயைப் பேசவே முடியாது என்று ஆகிவிடுகிறது.

5

இப்போது ஆரணி. சில வருஷத்துக்கு முன்னால், பட்டுத்தறி ஓட்டிய ஒருவர் இறந்த மூணாம் நாள் அந்த வீட்டுக்கு நானும் போனேன். கையில் நோட்டு. நான் கேட்ட முதல் கேள்வி, 'ஏன்?'. டோப்ளின் கேட்கக்கூடாது என்றாரே, அதே கேள்வி. அவர் மனைவி என்னைப் பார்க்கவில்லை. குழித்தறியைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "பாவு பாதியில நிக்குதுண்ணா. அத யாரு முடிக்கிறது?" அவ்வளவுதான். அதிர்ச்சியில் ஏதோ சொல்கிறார் என்று நினைத்து நோட்டில் 'பதில் இல்லை' என்று எழுதிக்கொண்டேன். கட்டுரையில் கூலி விவரமும் நூல் விலையும் போட்டு முடித்தேன்.

அது பதில் இல்லை என்று எப்படி நினைத்தேன்? இங்கே தறிக்காரருக்குப் பட்டுநூலும் ஜரிகையும் முதலாளி கொடுக்கிறார். தறியில் ஏறியிருக்கிற பாவு தறிக்காரருடையது இல்லை. கல்யாணத்துக்கோ வைத்தியத்துக்கோ வாங்கிய முன்பணம் தீரும்வரை வேறு முதலாளிக்கு நெய்யவும் முடியாது. ஆள் போனாலும் அந்தப் பாவு போகாது, முன்பணமும் போகாது. மனைவி இத்தனை வருஷம் தார் சுற்றித் தந்தவர். அவர்களுக்கு ஒரு மகன் இருந்தான். 'யாரு முடிக்கிறது' என்றால் அடுத்து அந்தக் குழியில் கால்விட்டு உட்காரப்போவது யார் என்று அர்த்தம். கடன், அச்சம், துக்கம், பிள்ளையின் படிப்பு எல்லாம் அந்த ஒரு வாக்கியத்தில் இருந்தன. அகம் எது, புறம் எது என்று அதைக் கிழிக்க முடியாது. கிழித்தது நான்.

இதைச் சொல்வதால் நூல் விலையை எழுதாதே என்று அர்த்தமில்லை. 2020இல் ஊரடங்கு வந்து பங்குனி சித்திரை கல்யாணங்கள் நின்றபோது, முகூர்த்தத்தை நம்பித் தறி போட்ட ஊருக்கு என்ன ஆகும் என்று கணக்குப் போடாமல் எந்த மனசையும் பேச முடியாது. ஆனால் கணக்கு எழுதப் போகும்போது ஒன்றை மட்டும் செய்யலாம். சொன்னவர் சொன்ன சொல்லிலேயே குறித்துக்கொள்வது. நம் கேள்விக்குப் பொருந்தாத பதிலை அடிக்காமல் வைத்திருப்பது. 'மன உளைச்சல்' என்று எழுதக் கை போகும்போது நிறுத்தி, அவர் எந்தச் சொல்லைச் சொன்னார் என்று நோட்டைத் திருப்பிப் பார்ப்பது.

என் நோட்டில் அந்தப் பக்கம் இன்னும் இருக்கிறது. 'பதில் இல்லை' என்பதை அடித்துவிட்டு, ஞாபகத்திலிருந்து அந்த அம்மாள் சொன்னதை எழுதிவைத்திருக்கிறேன். அடுத்த தடவை போகிறவர்கள் அங்கிருந்து தொடங்கலாம்.