வாட்ஸ்அப் வளர்ந்த விதம்

வாட்ஸ்அப் நிறுவனம் 2009 பிப்ரவரி 24 அன்று கலிஃபோர்னியாவில் பதிவு செய்யப்பட்டது. தொடங்கியவர் உக்ரைனில் பிறந்த ஜான் கூம். 16 வயதில் தாயுடன் அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்து, அரசு தரும் உணவு உதவிக்கு வரிசையில் நின்று வளர்ந்தவர். யாஹூவில் அவருடன் வேலை பார்த்த பிரையன் ஆக்டன் சில மாதங்களில் வந்து சேர்ந்துகொண்டார்.

முதலில் அது செய்தி அனுப்பும் செயலியே அல்ல. 'வேலையில் இருக்கிறேன்', 'பேட்டரி தீரப்போகிறது' என்று ஒருவர் தன் பெயருக்குப் பக்கத்தில் எழுதி வைக்கலாம், அவ்வளவுதான். 2009 ஜூனில், செயலி மூடியிருந்தாலும் திரையில் அறிவிப்பு வந்து நிற்கும் வசதியை ஆப்பிள் கொடுத்தது. ஒருவர் தன் நிலையை மாற்றியதும் நண்பர்கள் எல்லோருடைய போனிலும் தகவல் வந்தது. ஆட்கள் அதிலேயே ஒருவருக்கொருவர் பதில் எழுத ஆரம்பித்தார்கள். கூம் அதைக் கவனித்தார்; செயலியைச் செய்தி அனுப்பும் கருவியாகவே மாற்றி எழுதினார். வாட்ஸ்அப்பின் வெற்றிக்கு இந்தக் கவனிப்புதான் முதல் காரணம்.

இரண்டாவது காரணம் போன் நம்பர். அதுவரை இருந்த மெசஞ்சர்களுக்குத் தனியாகப் பயனர் பெயர் வேண்டும், கடவுச்சொல் வேண்டும். பிளாக்பெர்ரியின் மெசஞ்சருக்கோ பல ஆண்டுகள் பிளாக்பெர்ரி போனே வேண்டியிருந்தது. வாட்ஸ்அப்புக்கு நம்பர் போதும். போனில் சேமித்திருக்கும் பெயர்களில் யார் யார் அதில் இருக்கிறார்கள் என்று அதுவே கண்டுபிடித்துவிடும். ஐபோனோடு நில்லாமல் நோக்கியாவின் விலை குறைந்த போன்களிலும் ஓடியதால், பணக்கார நாடுகளுக்கு வெளியேயும் வேகமாகப் பரவியது.

இந்தியாவில் அதற்குத் தளம் ஏற்கெனவே தயாராக இருந்தது. அப்போதெல்லாம் தீபாவளி, புத்தாண்டு போன்ற நாட்களில் எஸ்.எம்.எஸ். பேக் செல்லாது, ஒவ்வொரு வாழ்த்துக்கும் தனிக் காசு. தமிழில் எழுதினால் செலவு இன்னும் கூடும். ஆங்கிலத்தில் ஒரு எஸ்.எம்.எஸ்ஸுக்கு 160 எழுத்து, தமிழில் 70 மட்டுமே. அதிலும் துணைக்கால், கொம்பு, சுழி எல்லாம் தனித்தனிக் கணக்கு. 'தீபாவளி' நமக்கு நான்கு எழுத்து, எஸ்.எம்.எஸ்ஸுக்கு ஏழு. இணைய இணைப்பு இருந்தால் எவ்வளவு நீளமாகவும், படத்தோடும், எந்த நாட்டுக்கும் அனுப்பலாம் என்றபோது மக்கள் யோசிக்கவில்லை.

இத்தனை கூட்டத்தைத் தாங்கியது மிகச் சிறிய குழு. தொலைபேசி இணைப்பகங்களுக்காக எரிக்சன் நிறுவனம் உருவாக்கிய எர்லாங் என்ற கணினி மொழியில் சர்வர்களின் மென்பொருள் எழுதப்பட்டது. செய்தி பெறுபவரின் போனைச் சேரும்வரைதான் சர்வரில் காத்திருக்கும், சேர்ந்ததும் நீக்கப்படும். 2014 பிப்ரவரியில் ஃபேஸ்புக் சுமார் 1,900 கோடி டாலருக்கு வாட்ஸ்அப்பை வாங்குவதாக அறிவித்தபோது பயனர்கள் 45 கோடி, ஊழியர்கள் 55 பேர். முன்பு உணவு உதவிக்காகக் கூம் வரிசையில் நின்ற அலுவலகக் கட்டடத்தின் வாசலில்தான் அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்.

2016 ஏப்ரலில் எல்லாச் செய்திகளுக்கும் முழு மறையாக்கம் வந்தது. அனுப்புபவரின் போனில் பூட்டப்படும் செய்தி, பெறுபவரின் போனில்தான் திறக்கும். நடுவில் நிறுவனத்தாலும் படிக்க முடியாது. சாதாரண மக்களின் பேச்சுக்கு இவ்வளவு பெரிய அளவில் இத்தகைய காப்பு அதற்குமுன் கிடைத்ததில்லை.

ஆனால், எளிதாகப் பகிர முடிந்ததால் பொய்யும் எளிதாகப் பரவியது. 2018இல் பிள்ளை பிடிப்பவர்கள் வந்திருப்பதாக வாட்ஸ்அப்பில் சுற்றிய வதந்தியை நம்பி, இந்தியாவின் பல இடங்களில் கும்பல்கள் அப்பாவிகளை அடித்துக் கொன்றன. திருவண்ணாமலை மாவட்டத்தில் ஒரு மூதாட்டி இப்படி உயிரிழந்தார். செய்தியின் உள்ளடக்கத்தைப் பார்க்க முடியாத நிறுவனம் வேகத்தைத்தான் குறைக்க முடிந்தது: ஒரு செய்தியை ஒரே நேரத்தில் ஐந்து பேருக்கோ குழுக்களுக்கோ மட்டும் பகிரலாம் என்று 2018 ஜூலையில் இந்தியாவிலும், அடுத்த ஆண்டு உலகெங்கும் கட்டுப்பாடு வந்தது. தேவையான நடவடிக்கை, ஆனால் தாமதமானது.

விளம்பரமே கூடாது என்பது நிறுவனர்கள் இருவரின் கொள்கை. ஆக்டன் 2017இலும் கூம் 2018இலும் ஃபேஸ்புக்கை விட்டு விலகினார்கள். 'ஸ்டேட்டஸ்' பகுதியில் விளம்பரம் வரும் என்று 2025 ஜூனில், இப்போது மெட்டா என்று பெயர் மாறியிருக்கும் ஃபேஸ்புக் நிறுவனம் அறிவித்தது.