கிரியோல் சட்டியில் சிசிலி மக்ரோனி!

அமெரிக்கச் சாப்பாடு என்றால் ரொட்டியும் சுட்ட மாட்டிறைச்சியுந்தான் என்று எண்ணுகிறவர்கள், நியூ ஆர்லியன்ஸ் நகரத்து அடுப்பங்கரையை ஒரு முறை எட்டிப் பார்க்க வேண்டும். மிஸிஸிப்பி நதி கடலை நெருங்கும் இடத்தில், லூசியானா மாநிலத்தில் இருக்கிறது அந்நகரம். அங்கே வெங்காயம் வதங்கும் வாசனை தெருவுக்கு வரும். மிளகாய் நெடி தும்மல் வரவழைக்கும். நமது வெண்டைக்காய்கூடக் குழம்பில் கொதிக்கும்! அந்தக் குழம்புக்குக் 'கம்போ' என்று பெயர். வெண்டைக்காயைக் குறிக்கும் ஆப்பிரிக்கச் சொல்லிலிருந்து வந்த பெயர் அது. அடிமைகளாகப் பிடித்து வரப்பட்ட மக்களின் பாஷையிலிருந்து அந்நகரத்துச் சட்டியில் விழுந்து, அங்கேயே தங்கிவிட்ட சொல்.

அவ்வூர்ப் பதார்த்தங்களுள் வயதில் இளையது, இறைச்சியும் இறாலும் சேர்த்துக் கிரீம் ஊற்றிச் செய்யும் கிரியோல் பாஸ்தா. மக்ரோனி வகைகளுக்கெல்லாம் பாஸ்தா என்பது பொதுப் பெயர். 'கிரியோல்' என்ற சொல்லோ, காலனியிலேயே பிறந்தவர்களைக் குறிக்க முதலில் வழங்கியது. 1718-இல் பிரெஞ்சுக்காரர்கள் நிறுவிய நகரம் அது. பிறகு ஸ்பானியர் ஆண்டார்கள். 1803-இல் அமெரிக்கா பணம் கொடுத்து வாங்கியது. வந்தவர்கள் எல்லோரும் ஆளுக்கொரு கைச்சரக்கைச் சட்டியில் போட்டார்கள். வெண்ணெயும் கிரீமும் பிரெஞ்சு வழக்கம். அரிசியோடு இறைச்சியும் இறாலும் ஒரே பாத்திரத்தில் வேகும் 'ஜம்பலாயா'வைப் பார்த்தால் நம் பிரியாணி ஞாபகம் வரும். அதில் அரிசியை எடுத்துவிட்டுப் பாஸ்தாவைப் போட்டால் 'பாஸ்தாலாயா'! பெயர் வைப்பதில் அவர்கள் அதிகம் சிரமப்படவில்லை.

சிறையில் பதினொரு பேர்

பாஸ்தா வந்த கதைதான் சற்றுக் கசப்பானது. 1865-இல் அடிமை முறை ஒழிந்த பிறகு கரும்புத் தோட்டங்களுக்கு ஆள் தேவைப்பட்டது. சிசிலித் தீவின் ஏழைக் குடியானவர்கள் கப்பல் கப்பலாக வந்து இறங்கினார்கள். பிரெஞ்சுக்காரர் கட்டிய பழைய பேட்டையில் நெருக்கியடித்துக் கொண்டு குடியேறினார்கள். அந்தப் பேட்டைக்குக் 'குட்டிப் பாலர்மோ' என்றே பெயர் வந்துவிட்டது.

1890-இல் நகரப் போலீஸ் தலைவர் சுட்டுக் கொல்லப்பட்டார். பழி இத்தாலியர் மீது விழுந்தது. வழக்கு நடந்தது, ஒருவர்கூடக் குற்றவாளியென்று தீர்ப்பாகவில்லை. மறுநாள், 1891 மார்ச் 14-ஆம் தேதி, பெருங்கூட்டம் ஒன்று சிறைக்குள் புகுந்து பதினொரு பேரைக் கொன்றது. அவர்களில் சிலர் விசாரணைக்கே வராதவர்கள். நகரத்தின் சார்பில் மேயர் மன்னிப்புக் கேட்டது 2019-இல்; இடையில் 128 ஆண்டுகள்! அந்த மக்களை வெறுத்த ஊர், அவர்களுடைய தக்காளிக் குழம்பையும் மக்ரோனியையும் மட்டும் வெகு சீக்கிரம் தன்னுடையதாக்கிக் கொண்டது.

அடுப்பில் ஏற்றினால்...

நாலு பேருக்குச் செய்வதானால் பாஸ்தா 350 கிராம், எலும்பில்லாத கோழி 250 கிராம், இறால் 300 கிராம், 'ஆந்தூயி' 200 கிராம் போதும். ஆந்தூயி என்பது பன்றி இறைச்சியைப் பூண்டும் மிளகும் சேர்த்துக் குடலில் அடைத்துப் புகையில் வாட்டியது. அதை வில்லைகளாக நறுக்கி, கனமான சட்டியில் முதலில் வறுக்க வேண்டும். கொழுப்பு உருகி வரும். அந்தக் கொழுப்பிலேயே கோழித் துண்டுகளைச் சிவக்க வறுத்து எடுத்து வைக்க வேண்டும். சட்டியின் அடியில் பழுப்பாக ஒட்டியிருப்பதைச் சுரண்டி எறிந்து விடாதீர்கள்; ருசி முழுவதும் அதில்தான் இருக்கிறது.

அதன் மேல் வெங்காயம், குடைமிளகாய், செலரித் தண்டு மூன்றையும் பொடியாக நறுக்கிப் போட்டு வதக்க வேண்டும். கத்தோலிக்கர் மிகுந்த ஊர் அல்லவா? இம்மூன்றுக்கும் 'பரிசுத்தத் திரித்துவம்' என்றே பெயரிட்டிருக்கிறார்கள்! பிறகு பூண்டு, மிளகாய்த் தூள், மிளகு, தைம் என்னும் மணத்தழை. ஒரு கரண்டி மைதாவைத் தூவிக் கிளறி, இறாலின் தலையையும் ஓட்டையும் அரை மணி நேரம் கொதிக்க வைத்து வடித்த சாறு ஒரு கோப்பை ஊற்ற வேண்டும். அடியில் ஒட்டியது கரைந்து குழம்போடு சேரும். அப்புறந்தான் ஒரு கோப்பை கிரீம், அதுவும் சிறு தணலில். உப்பைக் கடைசியில் பாருங்கள். ஆந்தூயியிலேயே தாராளமாக இருக்கிறது.

பாஸ்தாவைத் தனியே உப்பு நீரில், முழுப் பதத்துக்கு ஒரு நிமிஷம் முன்பே இறக்கி வடித்து, வறுத்த இறைச்சியோடு குழம்பில் போட்டால் மீதி வேக்காட்டை அங்கே முடித்துக் கொள்ளும். குழம்பு இறுகினால் வடித்த நீரில் கொஞ்சம் ஊற்றலாம். இறால் எல்லாவற்றுக்கும் கடைசி. இரண்டு மூன்று நிமிஷங்களில் சிவந்து வளைந்துவிடும். அதற்கு மேல் அடுப்பில் விட்டால் ரப்பர்தான்!

எந்தக் கரை இறால்?

இந்த இறாலில்தான் இப்போது லூசியானாவில் சச்சரவு. மெக்சிகோ வளைகுடாவில் வலை வீசிப் பிழைப்பவர்கள் பல தலைமுறைகளாக அங்கே இருக்கிறார்கள். 1975-க்குப் பிறகு வியட்நாம் அகதிகளும் அத்தொழிலில் சேர்ந்தார்கள். 2005-இல் கட்ரினா புயல் படகுகளைத் தூக்கிக் கரையில் எறிந்தது. 2010-இல் கடலடி எண்ணெய்க் கிணறு வெடித்துப் பதினொரு தொழிலாளர் மாண்டார்கள். எண்ணெய் கடலெங்கும் பரவி, மீன்பிடிக்கத் தடை வந்தது. (இறாலுக்கும் பெட்ரோலியத்துக்கும் சேர்த்து ஒரே திருவிழா எடுக்கும் ஊர் ஒன்று அந்த மாநிலத்திலேயே இருப்பது வேடிக்கை!) புயலையும் எண்ணெயையும் சமாளித்தவர்களை அடித்தது விலை. வெளிநாட்டுப் பண்ணை இறால் மலிவாக வந்து குவிய, வலை வீசிப் பிடித்ததை விற்றால் டீசல் செலவுக்கே கட்டுபடியாகவில்லை என்கிறார்கள்.

அந்தப் பண்ணை இறாலை அமெரிக்காவுக்கு மிகுதியாக அனுப்பும் நாடு இந்தியா; பெரும்பகுதி ஆந்திரக் கரையிலிருந்து போகிறது. அங்கே குளங்களில் வளர்வது 'வன்னாமி' என்ற ஜாதி. அதன் பூர்வீகமோ அமெரிக்கக் கண்டத்தின் பசிபிக் கரை. 2009-இல்தான் இந்தியாவில் அதை வளர்க்க அனுமதி கிடைத்தது. இங்கே வளர்ந்து, தலை கிள்ளி, ஓடு உரித்து, பனிக்கட்டியில் உறைந்து மறுபடியும் அமெரிக்கா போய்ச் சேருகிறது.

வெளிநாட்டு இறாலைச் சமைக்கும் ஹோட்டல்கள் அதை வாடிக்கைக்காரர்களுக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்று லூசியானா 2019-இல் சட்டம் செய்தது. 2025 முதல் விதிகள் இன்னும் கடுமையாகியிருக்கின்றன. ஆகவே கிரியோல் பாஸ்தா சாப்பிட உட்காருகிறவர், விலைப் பட்டியலின் அடியில் பொடி எழுத்தில் இருப்பதையும் படித்துவிட்டுத்தான் முள்கரண்டியை எடுக்கிறார்.